‘இங்க இருக்கான்’ என்றால் எங்கே?

“டேய், இங்க இருக்கான்டா! இங்க, இங்க!”

பப்ஜி என்ற துப்பாக்கி ஆட்டத்தை நாலு பேர் அணியாக ஆடிய எவரும் இந்தக் கூச்சலைக் கேட்டிருப்பார்கள். பாதிப் பேர் போட்டும் இருப்பார்கள். கத்தியவருக்கு எதிரி நன்றாகத் தெரிகிறான். ஒரு பாறை, அதன் விளிம்பில் ஒரு ஹெல்மெட். கேட்கிற மூன்று பேருக்கும் தெரிவது அவரவர் திரை மட்டுமே. ஒருவர் மாடியில் லூட் பொறுக்கிக்கொண்டிருக்கிறார். ஒருவர் ஜீப்பில் வந்துகொண்டிருக்கிறார். மூன்றாமவர் எதிர்ப்பக்க ஜன்னலில் ஸ்கோப்பை வைத்து வேறெதையோ பார்க்கிறார். ‘இங்க’ என்ற சொல் அவர்கள் காதுக்கு வந்து சேரும்போது அதிலிருந்த இடம் வழியிலேயே கழன்று விழுந்து, பதற்றம் மட்டும் மிஞ்சியிருக்கிறது. “எங்கடா?” “இங்கதான்டா, எனக்கு முன்னாடி!” இந்த இரண்டு வரி முடிவதற்குள் கத்தியவர் நாக், குண்டடிபட்டு விழுந்துவிட்டார். அதற்கப்புறம் ஆட்டத்தைவிட நீளமான ஒரு பஞ்சாயத்து: “நான்தான் அப்பவே சொன்னேன்ல?”

சொன்னார்தான். கேட்டவர்களுக்கும் காது இருந்தது. கோளாறு இரண்டு பக்கமும் இல்லை, அந்தச் சொல்லில் இருக்கிறது.

தமிழ் இலக்கணம் அ, இ, உ மூன்றையும் சுட்டு என்கிறது. கிட்டே இருப்பதற்கு இ, எட்ட இருப்பதற்கு அ, இடைப்பட்டதற்கு உ. தமிழ்நாட்டுப் பேச்சில் மூன்றாவது போய்விட்டது. யாழ்ப்பாணத்தில் “உது என்ன?” என்று இன்றும் கேட்கலாம், எதிரே நிற்பவர் கையில் இருக்கும் பொருளைப் பற்றி. எத்தனை வகை இருந்தாலும் சுட்டுச்சொல் வேலை செய்ய ஒரு நிபந்தனை உண்டு. இருவரும் ஒரே இடத்தில் நிற்க வேண்டும், அல்லது சுட்டுகிறவரின் விரலாவது மற்றவர் கண்ணுக்குத் தெரிய வேண்டும். ஆன்லைன் ஆட்டத்தில் முதலில் காணாமல் போவது அந்த விரல்தான். நாலு பேர் நாலு ஊரில், நாலு திரையில். குழுவாக ஆடும் ஆட்டங்களில் கால் நூற்றாண்டாக நடந்துவரும் தகவல் பரிமாற்ற ஏற்பாடுகளை வரிசையாகப் பார்த்தால், பெரும்பாலும் அந்த விரலைத் திரும்பப் பெறும் முயற்சிகளாகவே தெரிகின்றன.

எண்ணும் பெயரும்

விரல் போனதும் ஆட்டக்காரர்கள் முதலில் எண்ணைப் பிடித்துக்கொண்டார்கள். பப்ஜி திரையின் மேல்விளிம்பில் ஒரு திசைகாட்டிப் பட்டை ஓடும். வடக்கு 0, கிழக்கு 90, தெற்கு 180. “நூத்தி முப்பதுல ஒருத்தன்” என்றால் அந்தப் பட்டையில் 130-ஐ நடுவில் கொண்டுவந்து பார்த்தால் போதும். எட்டு கிலோமீட்டருக்கு எட்டு கிலோமீட்டர் விரிந்து கிடக்கும் எராங்கல் வரைபடத்தில், நூறு பேர் குதிக்கும் ஆட்டத்தில், இது பெரிய உதவி. ‘இங்க’வைவிட ஆயிரம் மடங்கு மேல்.

ஆனால் எண்ணும் ஏமாற்றும். எனக்கு நேர் வடக்கே 200 மீட்டரில் எதிரி இருக்கிறான் என்று வைத்துக்கொள்வோம். நான் “வடக்கு” என்கிறேன். நண்பர் எனக்கு மேற்கே 200 மீட்டரில் நிற்கிறார். அவருக்கு அந்த எதிரி வடகிழக்கில், சரியாக 45 பாகையில். அவர் நேர் வடக்கே பார்த்தால் வெறும் புல்வெளி. நான் சொன்னது என் இடத்திலிருந்து மட்டும் உண்மை. நாலு பேரும் ஒட்டிக்கொண்டு நிற்கும்போது எண் பிழைக்கும், பிரிந்து நின்றால் பொய்யாகிவிடும். இதனால்தான் அனுபவசாலிகள் எண்ணோடு ஒரு அடையாளத்தையும் சேர்ப்பார்கள்: “நூத்தி முப்பது, ஒத்த மரத்துக்குப் பின்னாடி.” மரம் எல்லோருக்கும் ஒரே மரம்.

அடையாளம் நிலைத்துவிட்டால் பெயராகிவிடும். கவுண்டர் ஸ்ட்ரைக் என்ற துப்பாக்கி ஆட்டத்துக்கு 2001-ல் வெளிவந்த ‘டஸ்ட் 2’ வரைபடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பாலைவன ஊர், குண்டு வைக்க இரண்டு இடங்கள், நடுவே சில சந்துகள், சில கதவுகள். ஆடி ஆடி ஒவ்வொரு மூலைக்கும் ஒரு பெயர் ஒட்டிக்கொண்டது. ‘லாங்’, ‘கேட்வாக்’, ‘மிட்’, ‘பி டனல்’. பேருந்து நிறுத்தம், புளியமரத்தடி, மேட்டுத்தெரு என்று ஊர்க்காரர்கள் பெயர் வைப்பது போலத்தான். வெளியூர்க்காரருக்குப் பிடிபடாது, உள்ளூர்க்காரருக்கு விளக்கமே தேவைப்படாது. வாலரன்ட் போன்ற புதிய ஆட்டங்கள் இந்தப் பெயர்களைச் சிறு வரைபடத்தின் பக்கத்திலேயே எழுதிக் காட்டுகின்றன. நீங்கள் நிற்கும் இடத்தின் பெயர் எப்போதும் கண்முன் இருப்பதால், பெயரே தெரியாதவரும் “நான் இருக்கிற இடத்துல” என்று இழுக்காமல் வாசித்தே சொல்லிவிடலாம்.

பெயர்களுக்கு இன்னொரு குணம் உண்டு, இந்திய சர்வர்களில் ஆடுகிறவர்களுக்கு நன்றாகத் தெரிந்தது. அவை மொழி எல்லையைத் தாண்டும். கோயம்புத்தூர்க்காரர், லக்னோக்காரர், கொச்சிக்காரர் ஒரே அணியில் சிக்கிக்கொண்டால் வினைச்சொற்கள் எல்லாம் உதிர்ந்துவிடும். “பி மெயின், டூ, ஒன் லோ” என்பது நிற்கும்: பி மெயின் என்ற இடத்தில் இரண்டு பேர், ஒருவனுக்கு உயிர் குறைவு. தமிழ்ப் பையன்கள் தங்களுக்குள் ஆடும்போதுகூட “பி மெயின்ல ரெண்டு பேர், ஒருத்தன் லோ, நான் புடிச்சிட்டு இருக்கேன்” என்றுதான் பேசுகிறார்கள். இடமும் நிலையும் ஆங்கிலத்தில், ஆளும் செயலும் தமிழில். இதைத் தமிழ் கெட்டுப்போன கதையாகச் சிலர் பார்ப்பார்கள். எனக்கு அது பலசரக்குக் கடையில் சரக்கின் பெயர் எந்த மொழியில் வந்ததோ அதிலேயே நிற்பது போலத்தான் படுகிறது.

தாய்மொழி ஒன்றாக இருக்கும் அணிக்குத்தான் வாய்ப்பு அதிகம் என்ற எண்ணம் தொழில்முறை கவுண்டர் ஸ்ட்ரைக்கில் நெடுங்காலம் இருந்தது. மேஜர் எனப்படும் பெரும்போட்டிகளை ஸ்வீடன், போலந்து, பிரான்ஸ், பிரேசில், டென்மார்க் என்று ஒரே மொழிக்காரர்களின் அணிகளே அள்ளிக்கொண்டிருந்தன. 2022 மே மாதம் ஆன்ட்வெர்ப் மேஜரை வென்ற ஃபேஸ் அணியில் ஒரு டென்மார்க்காரர், ஒரு நார்வேக்காரர், ஒரு லாட்வியாக்காரர், ஒரு எஸ்டோனியாக்காரர், ஒரு கனடாக்காரர். ஐந்து பேருக்கு ஐந்து நாடு. அப்படிப்பட்ட கலவை அணி மேஜர் வென்றது அதுவே முதல் முறை. அணித்தலைவர் ஃபின் ஆண்டர்சன், ஆட்டப்பெயர் கார்ரிகன். உலகமெங்கும் எல்லா அணிகளும் ஒரே ஐம்பது, நூறு சொற்களைக் கொண்டு ஆடும்போது, அந்தச் சொற்களை யார் எந்த உச்சரிப்பில் சொன்னாலும் புரிந்துவிடுகிறது. மீதி வேலை எப்போது சொல்வது, யார் சொல்வது என்பதில்தான்.

எப்போது என்பது சின்ன விஷயமில்லை. “மிட்ல ஒருத்தன் இருக்கான்” என்பதற்கும் “மிட்ல ஒருத்தன் இருந்தான்” என்பதற்கும் நடுவே ஒரு உயிர் இருக்கிறது. ஐந்து விநாடிக்கு முன் பார்த்ததை நிகழ்காலத்தில் சொல்வதுதான் புதியவர்கள் செய்யும் பெரும் தவறு. நண்பன் நம்பி அந்தப் பக்கம் துப்பாக்கியைத் திருப்புவான், ஆள் முதுகுப் பக்கம் வந்திருப்பான். தமிழ் வினையில் காலம் ஒட்டிக்கொண்டேதான் வரும். அந்த ஒட்டை ஒழுங்காகப் போட்டாலே பாதிச் சண்டை குறையும்.

கத்தலில் தொடங்கி மைக்குக்கு

இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் ப்ரவுசிங் சென்டர்களில் கவுண்டர் ஸ்ட்ரைக் ஆடியவர்களுக்கு மைக் என்ற பேச்சே இல்லை. பத்து கணினி, பிளைவுட் தடுப்பு, ஒரு மேசை விசிறி. கத்தினால் நண்பனுக்கும் கேட்கும், எதிரணிக்கும் கேட்கும், கடைக்காரருக்கும் கேட்டு அவர் வந்து திட்டுவார். அதனால் எங்கள் கூட்டத்தில் சங்கேதம் இருந்தது. ‘டீ வந்துருச்சு’ என்றால் எதிரி லாங் பக்கம் வந்துவிட்டான் என்று பொருள். ஒரு நாள் உண்மையிலேயே டீ வந்தபோது அந்த ரவுண்டைத் தோற்றோம்.

ஆட்டத்துக்குள்ளேயே ஓர் ஏற்பாடு இருந்தது. இசட், எக்ஸ், சி விசைகளை அழுத்தினால் ‘ரேடியோ’ என்ற எண்ணிட்ட பட்டியல் வரும். ஓர் எண்ணைத் தட்டினால் வாக்கி டாக்கிக் குரலில் “எதிரியைப் பார்த்தேன்”, “உதவி வேண்டும்”, “இந்தப் பகுதி காலி” என்று அணியினருக்கு மட்டும் ஒலிக்கும். 1998-ல் வந்த ‘ஸ்டார்சீஜ்: ட்ரைப்ஸ்’ ஆட்டத்தில் வி விசையில் தொடங்கும் இதைவிடப் பெரிய கிளைப்பட்டியலே இருந்தது. டயல்-அப் மோடம் காலத்தில் மனிதக் குரலை அனுப்புவது பாரம். ‘மூன்றாம் பட்டியல், இரண்டாம் வரி’ என்ற தகவலை அனுப்புவது ஒன்றுமே இல்லை, ஒலி ஏற்கெனவே எல்லோர் கணினியிலும் இருக்கிறது. வசதிக் குறைவில் பிறந்த இந்த உத்தி எவ்வளவு புத்திசாலித்தனமானது என்று விளங்க இருபது வருடம் ஆனது.

பிறகு குரல் வந்தது. ரோஜர் வில்கோ, டீம்ஸ்பீக், வென்ட்ரிலோ என்று தனி மென்பொருட்கள். 2002 நவம்பரில் தொடங்கிய எக்ஸ்பாக்ஸ் லைவ், தொடக்கப் பெட்டியிலேயே ஹெட்செட் வைத்துக் கொடுத்தது. 2015-ல் டிஸ்கார்ட். நாற்பது பேர் சேர்ந்து ஒரு பூதத்தை வீழ்த்தும் வேர்ல்டு ஆஃப் வார்கிராஃப்ட் போன்ற ஆட்டங்களில் குரல் இல்லாமல் முடியாது என்ற நிலை வந்தது. வெறும் வசதி மட்டுமல்ல, பழகும் விதமும் மாறியது. அதே ஆட்டத்தின் குழுக்களை வைத்து டிமித்ரி வில்லியம்ஸும் உடனாய்வாளர்களும் 2007-ல் வெளியிட்ட ஆய்வில், எழுத்தில் மட்டும் பேசிக்கொண்டவர்களைவிடக் குரலில் பேசியவர்களிடையே நட்பும் நம்பிக்கையும் அதிகமாக இருந்தன. யாரென்றே தெரியாத ஒருவரோடு மூன்று இரவு ஆடினால் அவர் சிரிப்பு நமக்குத் தெரிந்துவிடுகிறது. எழுத்தில் அது வராது.

குரலுக்கு விலையும் உண்டு. முதல் விலை காது. கவுண்டர் ஸ்ட்ரைக், வாலரன்ட் இரண்டிலும் காலடி ஓசை ஒரு தகவல். ஓடினால் கேட்கும், மெல்ல நடந்தால் கேட்காது. நண்பனின் குரலும் எதிரியின் காலடியும் ஒரே ஹெட்செட்டுக்குள்தான் வர வேண்டும். ஒருவன் மட்டும் உயிரோடு நின்று மூன்று பேரைச் சமாளிக்கும் ‘க்ளட்ச்’ நேரத்தில், செத்துப்போன நாலு பேரும் ஆளுக்கு ஒரு யோசனை சொல்லிக்கொண்டிருந்தால் அவனுக்குக் காலடி எப்படிக் கேட்கும்? தேர்ந்த அணிகளில் அந்த நேரம் அப்படியே அமைதியாகிவிடும். தகவல் இருந்தால் ஒரு சொல், இல்லையென்றால் மூச்சுகூட விடுவதில்லை. நம் ஆட்டங்களில் இதற்கு நேர்மாறு. செத்தவர்கள்தான் அதிகம் பேசுவார்கள்.

இரண்டாவது விலை வீடு. “மைக் இல்லையா ப்ரோ?” என்று கோபப்படுகிறவர்கள் மறந்துவிடுவது ஒன்று. இரவு பதினொன்றரைக்கு, அப்பா தூங்கும் அதே அறையில், போர்வைக்குள் ஆடுகிறவர் எப்படிப் பேசுவார்? மைக் திறந்தால் போவது அவர் குரல் மட்டுமா? குக்கர் விசில், சீரியல் அழுகை, “இன்னும் அந்தக் கருமத்தைத்தான் பாத்துட்டு இருக்கியா?” எல்லாம் போகும். பேசும்போது மட்டும் பொத்தானை அழுத்தும் முறை இதற்குத்தான் வந்தது. கணினியில் அது எளிது. கைப்பேசியில் அதற்கு விரல் மிச்சமில்லை. அந்தக் கதையைப் பிறகு சொல்கிறேன்.

மூன்றாவது விலை கனமானது. குரல் வந்தால் ஆள் யார் என்று தெரிந்துவிடுகிறது. வயது, ஊர், மொழி, பாலினம். ஹேலோ 3 ஆட்டத்தில் முன்பே பதிவுசெய்த ஆண் குரல், பெண் குரல், குரலே இல்லாத நிலை என மூன்று விதமாக ஆடிப் பார்த்த ஓர் அமெரிக்க ஆய்வு 2012-ல் வெளிவந்தது. பெண் குரலுக்கு வந்த எதிர்மறைப் பேச்சு மற்ற இரண்டையும்விட மூன்று மடங்கு. பேசியதோ ஒரே மாதிரியான, யாரையும் சீண்டாத வாக்கியங்கள். என் வகுப்புத்தோழி ஒருத்தி வாலரன்டில் என்னைவிட மூன்று படி மேல். ரேண்டம் ஆட்களோடு ஆடும்போது மைக்கைத் தொடவே மாட்டாள். “பேசினா ஜெயிக்கலாம்தான், ஆனா ஆடவே பிடிக்காமப் போயிடும்” என்றாள். அவளிடம் குழுவோடு பேசுவதன் நன்மைகளை விளக்குவதில் அர்த்தம் இல்லை.

ஒரு மாத மௌனம்

2019 பிப்ரவரி 4 அன்று ரெஸ்பான் நிறுவனத்தின் ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ் வெளியானது. மூன்று பேர் கொண்ட அணிகள், மொத்தம் அறுபது பேர். வகையில் புதுமை எதுவும் இல்லை. பேசப்பட்டது அதன் பிங்.

பிங் என்பதும் புதிதல்ல. சிறு வரைபடத்தில் ஒரு புள்ளியை மினுக்கிக் காட்டும் வசதி வியூக ஆட்டங்களில் பல காலமாக இருந்தது, லீக் ஆஃப் லெஜண்ட்ஸில் ஆபத்து, உதவி, எதிரியைக் காணோம் என்று வகை பிரித்தே வைத்திருந்தார்கள். ஏபெக்ஸ் செய்த வேலை, அந்தப் புள்ளியை வரைபடத்திலிருந்து எடுத்து உலகத்துக்குள் நட்டது. நீங்கள் பார்க்கும் திசையில் ஒரு பொத்தானைத் தட்டினால், பார்வை எதன்மேல் விழுகிறதோ அதற்குத் தகுந்த செய்தி போகிறது. தரையென்றால் ‘இங்கே போவோம்’. துப்பாக்கியென்றால் அதன் பெயர். இரண்டு முறை தட்டினால் ‘எதிரி’. செய்தியை உங்கள் பாத்திரமே வாய்விட்டுச் சொல்கிறது. கேட்பவர் ஆட்டத்தை எந்த மொழியில் வைத்திருக்கிறாரோ அந்த மொழியில் அவருக்குக் கேட்கிறது. நண்பர்களின் திரையில், அவரவர் நிற்கும் இடத்திலிருந்து சரியான கோணத்தில், தொலைவு மீட்டர் கணக்கோடு ஒரு குறி தெரிகிறது.

மேலே சொன்ன வடக்கு, வடகிழக்குக் கணக்கை நினைத்துப் பாருங்கள். அந்தக் கணக்கை இப்போது கணினி போடுகிறது. என் ‘இங்க’ உங்கள் திரைக்கு வரும்போது உங்கள் ‘அங்க’ ஆகிவிடுகிறது. விரல் திரும்பக் கிடைத்தது.

இதை உருவாக்கியவர்கள் ஏறத்தாழ ஒரு மாதம் தங்களுக்குள்ளேயே மைக்கை அணைத்துவிட்டு, பெயர்களையும் மாற்றி வைத்துக்கொண்டு, யாரோடு ஆடுகிறோம் என்றே தெரியாமல் ஆடிப் பார்த்ததாகப் பின்னர் சொன்னார்கள். பக்கத்து மேசை நண்பரோடு ஆடினால் எதுவும் சரியாக இருப்பதுபோல்தான் தோன்றும். முன்பின் தெரியாதவராக ஆடினால்தான் எங்கே வாய் திறக்கத் தோன்றுகிறது என்று தெரியும். வாய் திறக்கத் தோன்றிய ஒவ்வொரு இடத்திலும் ஒரு பிங் சேர்ந்தது.

அதன் நுணுக்கங்களில் எனக்குப் பிடித்தவை இரண்டு. ஒன்று, பதில். நண்பர் ஒரு பொருளைக் காட்டினால், அதைப் பார்த்து ஒரு தட்டு தட்டி ‘அது எனக்கு’ என்று சொல்லிவைக்கலாம். எழுந்து போய் எடுக்கும்வரை மற்றவர் தொடாமல் இருப்பார், மரியாதை தெரிந்தவராக இருந்தால். பேச்சில் சொன்னதும் கேட்டதும் சேர்ந்தால்தான் ஒரு செய்தி முழுமையாகும். விமானிகள் கட்டுப்பாட்டு அறையின் உத்தரவைத் திருப்பிச் சொல்வது அதற்காகத்தான். பழைய ரேடியோப் பட்டியலில் ‘சரி’ என்று ஒன்று இருந்தது, ஆனால் எதற்குச் ‘சரி’ என்று தெரியாது. இங்கே ‘சரி’யும் ஒரு பொருளின்மேல் ஒட்டிக்கொண்டு வருகிறது. இன்னொன்று, ‘இங்கே யாரோ வந்துபோயிருக்கிறார்கள்’ என்ற பிங். திறந்து கிடக்கும் கதவைப் பார்த்ததும் அனுப்பலாம். இறந்தகாலத்துக்கென்றே ஒரு பொத்தான்! எதிரி பிங்கோ சில விநாடிகளில் தானாக மங்கி மறைந்துவிடும். பழைய தகவல் நிகழ்காலமாக நடிக்க முடியாது.

சில வாரங்களுக்குள் ஃபோர்ட்நைட்டில் பிங் வந்தது. 2020 இறுதியில் கவுண்டர் ஸ்ட்ரைக்கிலும் வந்தது, ரேடியோப் பட்டியலோடு பிறந்த ஆட்டம் சுற்றி வந்து சேர்ந்ததுபோல. ஏபெக்ஸின் பிங்குக்குக் காப்புரிமை வைத்திருந்த ஈ.ஏ. நிறுவனம் 2021 ஆகஸ்டில், மாற்றுத்திறனாளிகளுக்கு உதவும் மற்றச் சில காப்புரிமைகளோடு அதையும் பிறர் கட்டணமின்றிப் பயன்படுத்தலாம் என்று அறிவித்தது. காது கேளாதவர், பேச இயலாதவர், பேசத் தயங்குபவர், போர்வைக்குள் ஆடுபவர், என் வகுப்புத்தோழி என எல்லோருக்கும் ஒரே வழி திறந்தது.

கொஞ்சம் கசப்பும் உண்டு. வசைபாடுகிறவர்களை அடக்க முடியாமல் வசை கேட்பவர்களுக்கு வாய் பேசாத ஒரு வழியைப் போட்டுக் கொடுத்ததும் இதில் அடங்கும். அவள் மௌனமாகவே நன்றாக ஆடுகிறாள் என்பது பிங்குக்குப் பெருமை, மற்ற நால்வருக்கு அல்ல.

தட்டிச் சொல்ல முடியாதவை

பிங்கால் எதைச் சொல்ல முடியாது என்பதையும் பார்க்க வேண்டும். எங்கே, என்ன, எத்தனை என்பதை அது அழகாகச் சொல்லும். ‘ஏன்’ என்று கேட்டால் திணறும். “அவங்க ரெண்டு டீம் அடிச்சுக்கட்டும், முடியறப்ப நாம போவோம்” என்ற ஒரு சாதாரண யோசனையில் காத்திருத்தல், நிபந்தனை, வேறு இரண்டு அணிகள் எல்லாம் இருக்கின்றன. இதை எந்தக் குறியாலும் சொல்ல முடியாது. ஒரே இடத்தில் பத்து முறை ‘இங்கே போவோம்’ தட்டுகிறவர் உண்மையில் ஏதோ காரணம் சொல்ல முயல்கிறார். மற்றவர்களுக்கு அது அடம்பிடிப்பதாகவே தெரிகிறது.

தொழில்முறை அணிகளில் ஐ.ஜி.எல். எனப்படும் களத்தலைவர் இருப்பது இதற்காகத்தான். தகவலை ஐந்து பேரும் கொண்டுவந்து கொட்டலாம், முடிவு ஒரு வாயிலிருந்து வர வேண்டும். அந்த முடிவு தப்பாக இருந்தாலும் ஐந்து பேரும் சேர்ந்து செய்தால் ஓரளவு தேறும். சரியான இரண்டு முடிவுகளை இரண்டு பேர் பிடித்துக்கொண்டு பிரிந்து ஓடினால் தேறாது. ரேண்டம் அணிகளில் இந்தப் பதவி காலியாகவே கிடக்கும், அல்லது மூன்று பேர் அதில் உட்கார்ந்திருப்பார்கள்.

வசையும் பிங்குக்குள் புகுந்துவிட்டது. லீக் ஆஃப் லெஜண்ட்ஸில் எதிரியைக் காணோம் என்று சொல்ல ஒரு கேள்விக்குறி உண்டு. நண்பன் அசட்டுத்தனமாகச் செத்தால் அவன் பிணத்தின்மேல் அந்தக் கேள்விக்குறியை ஐந்தாறு முறை தட்டுவது உலக வழக்கமாகிவிட்டது. ஒரு எழுத்துக்கூட இல்லை, ஆனால் “உனக்கெல்லாம் எதுக்குடா இந்த ஆட்டம்?” என்பது முழுதாகக் கேட்கும். எதிரிக்குத் தூண்டில் போடச் சொல்லும் இன்னொரு பிங்கைக் கிண்டலுக்கே பயன்படுத்தியதால் 2023-ல் அந்த ஆட்டத்தை நடத்தும் ரயட் நிறுவனம் அதை நீக்கியே விட்டது. மனிதனுக்கு இரண்டு குறி கொடுத்தால் ஒன்றில் திட்டக் கற்றுக்கொள்வான். அதே வகை ஆட்டமான டோட்டா 2-வில் ஆயத்த வாக்கியச் சக்கரம் இருக்கிறது. நான் தேர்ந்தெடுக்கும் வரி எதிரே இருப்பவருக்கு அவர் மொழியில் தெரியும், அருமையான ஏற்பாடு. அதில் மிகப் பிரபலமானவை வியூக வரிகள் அல்ல, போட்டி வர்ணனையாளர்களின் கூச்சல்களை வெட்டி ஒட்டிய ஒலித்துணுக்குகள். எதிரணியைக் கடுப்பேற்றுவதற்கென்றே.

கட்டைவிரல் பிரச்சினை

இனி கைப்பேசி. தமிழ்நாட்டில் பெரும்பாலோர் ஆடுவது இதில்தான். 2020 செப்டம்பரில் பப்ஜி மொபைல் தடைசெய்யப்பட்டு, 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ என்ற பெயரில் திரும்பி, 2022 ஜூலையில் மறுபடி மறைந்து, 2023 மே மாதம் மறுபடி வந்த கதை எல்லோருக்கும் தெரியும். ஆட்டம் போய்ப் போய் வந்தாலும் கட்டைவிரல் பிரச்சினை தீரவில்லை. ஏபெக்ஸின் பிங் கணினியில் மவுஸின் நடுச்சக்கரத்தில் இருக்கிறது, குறிபார்க்கும் கை அசையாமலே தட்டலாம். கைப்பேசியில் இடது கட்டைவிரல் நடக்கிறது, வலது கட்டைவிரல் குறிபார்க்கிறது, சுடவும் அதுவேதான். குறி நட வேண்டுமானால் இரண்டில் ஒன்றை எடுக்க வேண்டும். எதிரியைக் கண்ட அதே விநாடியில் விரலை எடுக்க யாருக்கு மனம் வரும்? எடுத்தால் சாவு, எடுக்காவிட்டால் நண்பனுக்குத் தெரியாது. நாலு விரல், ஆறு விரல் ‘க்ளா’ பிடியில் ஆடுகிறவர்கள் ஆள்காட்டி விரலுக்கு ஒரு வேலை கொடுத்து இதைச் சமாளிக்கிறார்கள். மற்றவர்களுக்குச் சும்மா இருக்கும் ஒரே உறுப்பு வாய். கைப்பேசி ஆட்டங்களில் மைக் சத்தம் அதிகமாக இருப்பதற்கு நம் சுபாவத்தைக் குறை சொல்கிறார்கள். எனக்கென்னவோ விரல் பற்றாக்குறையும் ஒரு காரணம் என்றே படுகிறது.

பிங் என்ற சொல்லுக்கு நம்மிடம் இன்னொரு பொருளும் உண்டு, அதுவே மூத்தது. நம் கருவியிலிருந்து சர்வருக்குச் செய்தி போய்த் திரும்ப ஆகும் நேரம். “பிங் எகிறுதுடா” என்றால் அது. வாலரன்ட் ஆடுகிறவருக்கு அந்தப் பயணம் மும்பைக்கு. கவுண்டர் ஸ்ட்ரைக்குக்குச் சென்னையிலேயே சர்வர் இருக்கிறது. குரலும் பக்கத்து வீட்டுக்குப் போவதென்றாலும் சர்வர் வரை போய்த்தான் திரும்பும்.

நானும் என் தம்பியும் அடுத்தடுத்த அறையில் உட்கார்ந்து ஆடுவோம். குறி நடும் பொத்தானை நான் இடது மேல்மூலைக்கு நகர்த்தி, ஆள்காட்டி விரலுக்குப் பழக்கிவிட்டேன். அதற்கு இரண்டு வாரம் ஆனது, அந்த இரண்டு வாரமும் நிறையச் செத்தேன். அவனிடமும் சொல்லிப் பார்த்தேன். கேட்கவில்லை. இன்னமும் எதிரியைக் கண்டால் “இங்க, இங்க” என்றுதான் கத்துகிறான். எனக்கு அது இரண்டு தடவை கேட்கிறது. முதலில் சுவர் வழியாக, அப்புறம் ஹெட்செட்டில்.